பி மெமோவைக் கிழித்துப் போடாதீர்கள்

ரிஷிவந்தியம் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து வந்திருந்தார் அந்த அம்மாள். திங்கட்கிழமை. ஆட்சியர் அலுவலகத்தில் குறைதீர்க்கும் நாளில் மனு கொடுத்துவிட்டு நேராக என் அலுவலகத்துக்கு வந்துவிட்டார்.

"பட்டா இருக்காம்மா?" என்று கேட்டேன்.

இல்லை என்று தலையாட்டினார்.

"வேற ஏதாச்சும் தாள்?"

"பி மெமோன்னு வருசா வருசம் குடுப்பாங்க சார். அத வெச்சிக்கிட்டிருந்தா நாமளே தப்ப ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்னு எங்க வூட்டுக்காரரு அப்பப்ப கிழிச்சி அடுப்புல போட்டுடுவாரு."

முப்பது ஆண்டுகளுக்கு மேலாகக் கள்ளக்குறிச்சியில் வக்கீலாக இருக்கிறேன். புறம்போக்கு, நத்தம், ஒப்படை, இவைதான் என் கட்டுகளில் பாதிக்கு மேல். இந்த 'அடுப்பு' என்ற சொல்லைக் கேட்கும்போதெல்லாம் இன்றைக்கும் வயிற்றைக் கலக்குகிறது. அந்த வீட்டுக்காரர் முட்டாள் இல்லை. தாளில் 'ஆக்கிரமிப்பாளர்' என்று தன் பெயருக்கு நேராக எழுதியிருப்பதை ஒரு மானமுள்ள மனுஷன் பத்திரப்படுத்தி வைப்பானா? ஆனால் அந்தக் குடும்பம் அந்த மண்ணில் எத்தனை ஆண்டுகளாக இருக்கிறது என்பதற்கு அரசாங்கமே கையெழுத்துப் போட்டுக் கொடுத்த ஒரே சாட்சியம் அதுதான். அதைத்தான் எரித்திருக்கிறார்கள்.

பி மெமோ எப்படிப் பிறக்கிறது என்பதைக் கொஞ்சம் விரித்தே சொல்ல வேண்டும். கிராம நிர்வாக அலுவலர் பயிராய்வுக்குப் போகிறபோது அரசு நிலத்தில் யாராவது உழுதிருந்தாலோ, குடிசை போட்டிருந்தாலோ அதைக் குறித்துக்கொள்ள வேண்டும். புல எண், பரப்பு, யார் அனுபவிக்கிறார், வீடா பயிரா மரமா, எத்தனை காலமாக என்றெல்லாம் எழுதி வட்டாட்சியருக்கு அனுப்புவார். அந்தத் தாள்தான் பி மெமோ. 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டம் 3-ஆம் பிரிவில் தீர்வையும் 5-ஆம் பிரிவில் தண்டமும் விதிக்கச் சொல்கிறது. 6-ஆம் பிரிவு வெளியேற்றுவதற்கு. அதற்கு முன்பாக 7-ஆம் பிரிவின் கீழ் அறிவிப்பு கொடுத்து விளக்கம் கேட்க வேண்டும். ஃபசலி என்ற வருவாய் ஆண்டு முடிகிறபோது ஜமாபந்தியில் இந்தக் கணக்கெல்லாம் சரிபார்க்கப்படும். தண்டம் சொற்பத் தொகையாகத்தான் இருக்கும். ஆண்டுக்கு ஒரு தாள், ஆண்டுக்கு ஒரு ரசீது என்று இருபது ஃபசலிக்குத் தொடர்ச்சியாக வைத்திருக்கும் குடும்பம் என் முன்னால் வந்து உட்கார்ந்தால், பாதி வழக்கு முடிந்ததென்று எனக்குத் தோன்றும்.

பாதிதான். மீதிப் பாதியைக் கற்றுக்கொடுத்தவர் ஒரு பழைய கர்ணம்.

1980 நவம்பர் 14-ஆம் தேதி பகுதிநேரக் கிராம அதிகாரிகளின் பதவிகளை அரசு ஒழித்தபோது வேலை போனவர்களில் அவரும் ஒருவர். நான் தொழிலுக்கு வந்த 1993-இல் தாலுகா அலுவலகத்துக்கு எதிரே ஒரு புங்க மரத்தடியில் மனு எழுதிக்கொண்டிருந்தார். தென்னாற்காடு மாவட்டம் பிரிந்து விழுப்புரம் தனியானதும் அதே ஆண்டுதான். எந்த ஆவணம் கடலூரிலேயே நின்றுபோயிற்று, எது விழுப்புரத்துக்கு வந்தது என்று அவருக்குத்தான் தெரியும். நான் கட்சிக்காரரின் கதையை மூச்சுவிடாமல் சொல்லி முடிக்கும்வரை கேட்டுக்கொண்டிருப்பார். பிறகு ஒரே ஒரு கேள்வி: "அ பதிவேட்டுல என்ன வகைப்பாடு தம்பி?" எனக்குத் தெரிந்திருக்காது. "மனுசனோட கதைய அப்புறம் கேளு. மொதல்ல மண்ணோட ஜாதகத்தப் பாரு" என்பார்.

மண்ணின் ஜாதகம் என்று அவர் சொன்னது நான்கு ஏடுகளை. அ பதிவேடு, புலப்படம், அடங்கல், சிட்டா. இவற்றோடு 1979-இலிருந்து 1987 வரை நடந்த யு.டி.ஆர். எனப்படும் நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்துக்கு முந்தைய பழைய பதிவேட்டையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். யு.டி.ஆர். சமயத்தில் வகைப்பாடு மாறிப்போன நிலங்கள் எங்கள் பக்கம் ஏராளம். பழைய ஏட்டில் ஒருவிதமாகவும் புதிய ஏட்டில் வேறுவிதமாகவும் இருந்தால் அங்கேதான் வழக்கின் நரம்பு இருக்கிறது.

வகைப்பாடு ஏன் அவ்வளவு முக்கியம்? 'அரசு நிலம்' என்று நாம் பொதுவாகச் சொல்வது ஒரே பொருள் இல்லை. தீர்வை ஏற்பட்ட தரிசு, தீர்வை ஏற்படாத தரிசு, கல்லாங்குத்து, மேய்க்கால், மந்தைவெளி, களம், வண்டிப்பாதை, ஓடை, ஏரி, சுடுகாடு என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனி தலையெழுத்து உண்டு. தரிசாக இருந்தால், வருவாய் நிலை ஆணை 15-இன்படி நிலமற்ற ஏழைக்கு விவசாயத்துக்காக ஒப்படை செய்ய வழி உண்டு. வீட்டுமனை என்றால் நிலை ஆணை 21. மேய்க்காலாக இருந்தால் முதலில் வகைமாற்றம் செய்தாக வேண்டும். அது மேலே வரைக்கும் போகும், ஊராட்சியின் தீர்மானமும் கேட்பார்கள். ஏரி, ஓடை என்றால் கதவே இல்லை. நூறு ஆண்டு இருந்திருந்தாலும் இல்லை. இத்தனை காலமாக இருக்கிறோமே என்று மக்கள் கேட்கிறார்கள். சட்டம் முதலில் கேட்பது அது என்ன நிலம் என்றுதான். காலம் இரண்டாவதாகத்தான் வரும்.

இதை நான் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. பதினோரு குடும்பங்களின் செலவில் கற்றேன்.

2006-இல் ஒரு ஓடையோரக் குடியிருப்புக்காக மாவட்ட முன்சீப் நீதிமன்றத்தில் உறுத்துக்கட்டளை கேட்டு வழக்குப் போட்டேன். கையில் எல்லாம் இருந்தது. வீட்டு வரி ரசீது, மின் அட்டை, ரேஷன் அட்டை, வாக்காளர் பட்டியல், பதினெட்டு ஃபசலிக்குப் பி மெமோ. ஊராட்சியே தெருவிளக்கு போட்டிருந்தது. ஒருவருக்குத் தொகுப்பு வீடும் கட்டிக்கொடுத்திருந்தார்கள். அரசே வீடு கட்டிக்கொடுத்த இடத்தை அரசே எப்படி இடிக்கும் என்று வாதாடினேன். இடைக்கால உத்தரவு கிடைத்தது, தெருவில் எனக்கு மாலை போட்டார்கள். அ பதிவேட்டை நான் பார்த்திருந்தேன். 'ஓடை' என்று இருந்ததையும் பார்த்தேன். ஆனால் அங்கே தண்ணீர் ஓடி யாரும் பார்த்ததில்லை என்று அவர்கள் சொன்னதை நம்பி, அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

நீர்நிலையை யாருக்கும் ஒதுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2001-இலேயே ஹின்ச் லால் திவாரி வழக்கில் சொல்லியிருந்தது. 2011 ஜனவரி 28-ஆம் தேதி ஜக்பால் சிங் எதிர் பஞ்சாப் அரசு தீர்ப்பு வந்தது. பாட்டியாலா மாவட்டத்து ரோஹர் ஜாகீர் என்ற கிராமத்தின் குளத்தை மண் கொட்டித் தூர்த்து வீடு கட்டியவர்களின் வழக்கு அது. கிராமப் பொது நிலங்களிலிருந்து சட்டவிரோத ஆக்கிரமிப்பாளர்களை வெளியேற்ற எல்லா மாநிலங்களும் திட்டம் வகுக்க வேண்டும், நீண்ட காலமாக இருந்ததையோ கட்டடத்துக்குப் பெரும் செலவு செய்ததையோ காரணம் காட்டி முறைப்படுத்தக் கூடாது என்று மார்க்கண்டேய கட்ஜு, ஞான் சுதா மிஸ்ரா அமர்வு உத்தரவிட்டது. நிலமற்ற கூலித் தொழிலாளர்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் அரசு அறிவிப்பின்படி குத்தகையாக விடப்பட்ட இடங்கள், ஏற்கெனவே பள்ளியோ மருந்தகமோ இருக்கும் இடங்கள் போன்ற விதிவிலக்கான நேர்வுகளை மட்டும் ஒதுக்கி வைத்தது. எங்கள் வழக்கு அதற்குப் பிறகு நிற்கவில்லை. மறு ஆண்டு வீடுகள் போயின.

நான் செய்த தவறு தோற்றது இல்லை. இடைக்கால உத்தரவு கையில் இருந்த ஐந்து ஆண்டுகளில், வேறு இடத்தில் மனை கேட்டு ஒரு மனு போட்டிருக்க வேண்டும். 2006 டிசம்பர் 30-ஆம் தேதிய அரசாணை 854, ஆட்சேபணையற்ற புறம்போக்கில் பத்தாண்டுகளுக்கு மேல் குடியிருக்கும் ஏழைகளுக்கு ஒருமுறை சலுகையாகப் பட்டா தரச் சொன்னது. மாவட்டமே மனை விஷயத்தில் சுறுசுறுப்பாக இருந்த காலம் அது. இவர்கள் இருந்தது ஆட்சேபணைக்குரிய நிலம். அந்த ஆணை இவர்களுக்கு நேரடியாகப் பொருந்தாது. ஆனாலும் மாற்று இடம் கேட்க அதைவிட நல்ல நேரம் வாய்த்திருக்காது. "ஜெயிச்சிடுவோம்" என்று சொல்லிக்கொண்டிருந்த வக்கீலை வைத்துக்கொண்டு அவர்கள் எதற்கு மாற்று இடம் கேட்பார்கள்? பிறகு ஒரு பாறைக்காட்டில் ஆளுக்கு 3 சென்ட் கிடைத்தது. பல ஆண்டுகளுக்குக் குடத்தைத் தூக்கிக்கொண்டு தண்ணீருக்கு நடந்தார்கள். 2024 டிசம்பர் தொடக்கத்தில் ஃபெஞ்சல் புயல் மழையில் சாத்தனூர் அணை திறந்து தென்பெண்ணை புரண்டபோது எங்கள் பக்கத்து ஓடைகளும் பொங்கின. மழை விட்ட மறுநாள் அந்தப் பழைய இடத்தைப் போய்ப் பார்த்தேன். ஆள் உயரத்துக்குத் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. அ பதிவேட்டை எழுதியவன் எந்தக் காலத்திலோ அந்தத் தண்ணீரைப் பார்த்துத்தான் எழுதியிருக்கிறான்.

அந்த வழக்கு தோற்றதிலிருந்து எனக்கு ஒரு பழக்கம். புலப்படத்தை நகலெடுத்துக்கொண்டு நிலத்தின் மேல் நடக்காமல் எந்த மனுவையும் எழுதுவதில்லை. கட்சிக்காரரைவிடப் பக்கத்து நிலத்துக்காரரிடம் அதிக நேரம் பேசுவேன். கடைமடை விவசாயியிடம் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று கேட்பேன். ஏரி இருந்தால் கலங்கலிலிருந்து எதிர்ப்பக்கமாக நடப்பேன். ஆவணத்தில் ஓடை, தரையில் மேடு என்று இருந்தால், அந்த மேடு எப்போது ஏற்பட்டது, யார் கொட்டிய மண் என்பது வரைக்கும் போக வேண்டும். நீர்நிலை என்று உறுதியாகிவிட்டால் முதல் நாளே சொல்லிவிடுவேன்: "இங்க பட்டா வராதுப்பா. மாற்று இடத்துக்குப் போராடுவோம்." கோபித்துக்கொண்டு வேறு வக்கீலிடம் போனவர்கள் உண்டு. போகட்டும்.

அடுத்தது மனுவில் எழுதும் சொல். இளம் வக்கீல்கள் அதிகம் சறுக்கும் இடம் இதுதான் என்பதால் கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

அரசுக்கு எதிராக அனுபவ பாத்தியம் கோர வேண்டுமானால் 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தின் 112-ஆம் உறுப்புப்படி முப்பது ஆண்டுகள் வேண்டும். அதற்கு முந்தைய 1908-ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது அறுபது. வெறுமனே முப்பது ஆண்டு இருந்தால் போதாது. உரிமையாளன் அரசு என்று தெரிந்தே, அதை மறுத்து, இது என்னுடையது என்று வெளிப்படையாக இருந்திருக்க வேண்டும். இப்போது ஒப்படை மனுவை எடுத்துக்கொள்ளுங்கள். "அரசுக்குச் சொந்தமான மேற்படி நிலத்தை எனக்கு ஒப்படை செய்து தருமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்" என்று எழுதுகிறோம். இந்த ஒரு வரியில் அரசின் உரிமையை ஒப்புக்கொண்டாகிவிட்டது. அனுபவ பாத்தியம் அங்கேயே செத்துப்போகும். பி மெமோவுக்குத் தண்டம் கட்டிய ரசீதும் அப்படித்தான். ஒப்படை கேட்கும்போது பொன்னான தாள் அது. பாத்தியம் கொண்டாடும்போது அதே தாள் விஷம்.

ஒரு முதியவரின் ஒரு ஏக்கர் சில்லரைப் புன்செய் நினைவுக்கு வருகிறது. கல் பொறுக்கி, கரை கட்டி, மரவள்ளியும் உளுந்தும் போட்டு வளர்த்த நிலம். எனக்கு முன்னால் அவருக்கு வக்கீலாக இருந்தவர் ஒரே மாதத்தில் இரண்டு வேலை செய்து வைத்திருந்தார். ஆட்சியருக்கு ஒப்படை மனு. உரிமையியல் நீதிமன்றத்தில் அனுபவ பாத்தியத்தில் விளம்புகை வழக்கு. குறுக்கு விசாரணையில் அரசு வக்கீல் அந்த மனுவை நீட்டி, "பெரியவரே, இது உங்க கைநாட்டுதானே?" என்று மட்டும் கேட்டார். "ஆமாங்க" என்றார். அவ்வளவுதான். பொய் சொல்லத் தெரியாத மனுஷன். வழக்கு என்னிடம் வந்தபோது அதைத் தூக்கி நிறுத்த ஒன்றுமில்லை. எட்டு ஆண்டுகள் போன பிறகு ஒப்படை வழியை மறுபடி முதலிலிருந்து தொடங்கினோம். அவர் போய்ச் சேர்ந்துவிட்டார். நிலம் மருமகள் பெயருக்கு வந்தது.

எனவே எந்த வாசல் என்பதை முதலில் முடிவு செய்துகொள்ள வேண்டும். ஏழைக்கு நான் பெரும்பாலும் ஒப்படை வாசலைத்தான் காட்டுகிறேன். அனுபவ பாத்தியச் சட்டமே நியாயமில்லாதது, மறுபரிசீலனை செய்யப்பட வேண்டியது என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் ஹேமாஜி வாகாஜி ஜாட் வழக்கில் கடுமையாகவே சொல்லியிருக்கிறது. நடத்துவதும் கடினம், காலமும் தின்னும்.

நத்தம் வந்தால் எல்லாம் தலைகீழ். கிராம நத்தம் ஊரார் வீடு கட்டிக்கொள்வதற்கென்று ஆதியிலிருந்தே விடப்பட்ட இடம். அதில் குடியிருப்பவனை ஆக்கிரமிப்பாளன் என்று 1905-ஆம் ஆண்டுச் சட்டத்தில் வெளியேற்ற முடியாது, அந்த இடம் அரசின் உடைமையாகிவிடுவதில்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. 1998-இல் தில்லைவனம் எதிர் செங்கை அண்ணா மாவட்ட ஆட்சியர் வழக்கு, 2004-இல் கடத்தூர் பேரூராட்சி வழக்கு இரண்டையும் என் மேசைக் கண்ணாடிக்கு அடியில் குறித்து வைத்திருக்கிறேன். நத்தத்தில் மூன்று தலைமுறையாக இருக்கும் ஒருவருக்கு 'ஒப்படை செய்யுமாறு' என்று மனு எழுதிக்கொடுப்பது, அவர் வீட்டுச் சாவியை அவரிடமிருந்து பிடுங்கி அரசிடம் கொடுத்துவிட்டுத் திருப்பிக் கேட்பது போல. அங்கே கேட்க வேண்டியது நத்தம் நிலவரித் திட்டப் பதிவேட்டில் பெயர் சேர்ப்பு, தூய பட்டா. ஒப்படை என்ற வார்த்தையே வரக் கூடாது.

பழைய கர்ணம் சிவாய்ஜமா என்ற சொல்லை அடிக்கடி சொல்வார். அனுமதியில்லாமல் அரசு நிலத்தில் செய்யும் சாகுபடிக்கு வருவாய்த்துறையின் பழைய பெயர். பாரசீகத்திலிருந்து வந்தது, வழக்கமான ஜமாவுக்கு வெளியே வரும் வருமானம் என்று பொருள். இதையே கர்நாடகத்தில் 'பகர் ஹுகும்' என்கிறார்கள், அதாவது உத்தரவில்லாமல். ஒரே காரியம்தான், நம் சொல் அரசுக்கு வந்த காசைச் சொல்கிறது, அவர்கள் சொல் உழவனிடம் இல்லாத உத்தரவைச் சொல்கிறது. ஆனால் அவர்கள் அதை நிலவருவாய்ச் சட்டத்துக்குள்ளேயே கொண்டுவந்து, 94-ஏ போன்ற பிரிவுகளை எழுதி, படிவம் 50, 53, 57 என்று காலம் குறித்து மனு வாங்கி, வட்டந்தோறும் குழு அமைத்துப் பரிசீலிக்கிறார்கள். அங்கேயும் முறைகேடு, தாமதம் எல்லாம் உண்டு. என்றாலும் எந்தப் படிவம், எந்தக் குழு என்று உழவனுக்குச் சொல்ல முடிகிறது. இங்கே எல்லாம் நிலை ஆணைகளிலும் அவ்வப்போது வரும் அரசாணைகளிலும் இருக்கிறது. சென்னையைச் சுற்றி 1962-இலிருந்து இருந்த 'பெல்ட் ஏரியா' தடையை 2025 பிப்ரவரியில் தளர்த்தி, நகரப் பகுதிகளில் 86 ஆயிரம் குடும்பங்களுக்குப் பட்டா என்று அமைச்சரவை முடிவு செய்த செய்தி வந்தபோது எங்கள் பக்கத்திலிருந்து எனக்கு நாற்பது பேராவது போன் செய்தார்கள். "நமக்கும் உண்டா சார்?" ஒவ்வொருவருக்கும் ஒரே பதில்தான் சொன்னேன்: உங்கள் புல எண்ணைச் சொல்லுங்கள்.

ஒப்படை உரிமை அல்ல என்பது உண்மைதான். உயர் நீதிமன்றத்துக்குப் போனால் பட்டா கொடு என்று உத்தரவு வராது. மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் முடிவெடு என்றுதான் வரும். கட்சிக்காரர்கள் அதை வெற்றி என்று நினைத்துச் சர்க்கரைப் பொங்கல் வைத்துவிடுகிறார்கள். எட்டு வாரம் கழித்து 'விதிகளில் இடமில்லை' என்று ஒற்றை வரியில் நிராகரிப்பு வரும். அந்த ஒற்றை வரிக்கு எதிராகத்தான் உண்மையான வழக்கே தொடங்குகிறது. ஏன் இடமில்லை, எந்த விதி, என் தாள்களைப் பார்த்தீர்களா என்று கேட்கலாம். ஒப்படை தருவது அரசின் விருப்பம் என்றாலும் காரணம் சொல்லாத விருப்பத்தை நீதிமன்றம் ஏற்காது. ஆனால் அப்போது நீதிபதி பார்ப்பது முதல் மனுவோடு என்ன இணைத்தோம் என்பதைத்தான். ஆகவே குறைதீர்க்கும் நாளில் கொடுக்கும் அந்த முதல் மனு ஒரு வழக்குரைக்குச் சமம். அரைப் பக்கத்தில் கெஞ்சி எழுதக் கூடாது. புல எண், வகைப்பாடு, பரப்பு, நான்கெல்லை, எந்த ஃபசலியிலிருந்து அனுபவம், ஒவ்வொன்றுக்கும் எந்தத் தாள், குடும்பத்துக்கு வேறு நிலம் இல்லை என்பதற்கு என்ன ஆதாரம், எந்த நிலை ஆணையில் கேட்கிறோம். ஒப்புகைச் சீட்டை வாங்காமல் அந்த இடத்தை விட்டு நகரக் கூடாது.

7-ஆம் பிரிவு அறிவிப்புக்கும் அதே கவனம் தேவை. சில சமயம் கதவில் ஒட்டிவிட்டுப் போவார்கள். ஒருமுறை என்னிடம் வந்த அறிவிப்பில் இருந்த தேதிக்கும், அது ஒட்டப்பட்ட நாளுக்கும் இடையில் விளக்கம் கொடுக்க வேண்டிய கெடுவே முடிந்துபோயிருந்தது. ஒட்டியதும் கைபேசியில் படம் எடுத்து வையுங்கள் என்று இப்போது எல்லாக் கிராமத்திலும் சொல்லி வைத்திருக்கிறேன். எங்கள் கட்டில் இருக்கும் மிக நல்ல சாட்சியங்களில் சில, பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் எடுத்த படங்கள்.

மலைக்குப் போனால் சட்டமே வேறு பாஷை பேசுகிறது. கல்வராயன் மலை 1976 வரைக்கும் சடைய கவுண்டன், குறும்ப கவுண்டன், ஆரிய கவுண்டன் என்ற மூன்று ஜாகிர்தார்களின் ஆளுகையில் இருந்தது. மலையாளிப் பழங்குடியினர் உழுத நிலத்துக்கு வருவாய்த்துறை ஏடு என்பது அண்மைக் காலத்து விஷயம். கீழே நாம் கேட்கும் இருபது ஃபசலி பி மெமோவை அவர்களிடம் கேட்பது அநியாயம். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்துக் கள்ளச்சாராயச் சாவுகளுக்குப் பிறகு, சென்னை உயர் நீதிமன்ற நீதிபதிகள் எஸ்.எம். சுப்பிரமணியம், சி. குமரப்பன் அமர்வு மலை மக்களின் வாழ்நிலையைத் தானாக முன்வந்து விசாரணைக்கு எடுத்தபோது சாலையும் பள்ளியும் மருத்துவமும் பேசப்பட்டன. என் மனம் நிலத்தையே சுற்றிக்கொண்டிருந்தது. 2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் அவர்களுக்கு ஒப்படை செய்வதாகச் சொல்லவில்லை. ஏற்கெனவே இருந்த உரிமையை அங்கீகரிப்பதாகச் சொல்கிறது. 2005 டிசம்பர் 13-க்கு முன்பிருந்து பயிரிட்டு வரும் பழங்குடிக் குடும்பத்துக்கு நான்கு ஹெக்டேர் வரை. தமிழ்நாட்டில் அது பல ஆண்டு முடங்கிக் கிடந்தது. உயர் நீதிமன்றத்தின் 2008-ஆம் ஆண்டு உத்தரவால் உரிமைப் பட்டயம் தர முடியாமல் இருந்து, 2016 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை நீக்கிய பிறகே நகர்ந்தது.

அந்தச் சட்டத்தின் விதிகளில் எனக்கு மிகப் பிடித்தது 13-ஆம் விதி. எதையெல்லாம் சாட்சியமாக எடுத்துக்கொள்ளலாம் என்று அது பட்டியல் போடுகிறது. கட்டிய கரை, சமன் செய்த மேடு, கிணறு, இடுகாடு, கோயில் இடம், ஊர்ப் பெரியவர் சொல்லி எழுதிக்கொண்ட வாக்குமூலம். வெள்ளிமலைப் பக்கத்து ஊர் ஒன்றில் ஒரு பாட்டி என்னைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போய், சாமை விதைத்த சரிவுக்கு மேலே வரிசையாக நட்டிருந்த கற்களைக் காட்டினார். "இது எங்க மாமனாரு. இது அவங்க அப்பாரு. இது யாருன்னு எனக்கே தெரியாது, ஆனா பொங்க வெப்போம்." அந்தக் கற்களை ஒவ்வொன்றாக எண்ணி வரைபடத்தில் குறித்தேன். என் தொழிலில் நான் தயாரித்த ஆவணங்களிலேயே எனக்குப் பெருமையானது அந்த வரைபடம். கீழே வந்ததும், ரிஷிவந்தியம் பக்கத்துப் பெரியவர் ஒருவரின் வாய்ச்சொல்லுக்கு மட்டும் ஏன் இந்த மதிப்பு இல்லை என்ற கேள்வி கூடவே வந்தது. நிலை ஆணைகளைத் திருத்துகிறவர்கள் அந்த விதியை ஒருமுறை படித்தால் நல்லது.

ஆணை கிடைத்த பிறகும் வேலை முடிவதில்லை. அளந்து காட்டாத பட்டா எங்கள் ஒன்றியத்தில் டிரங்குப் பெட்டிகளில் மக்கிக்கொண்டிருக்கிறது. ஆதிதிராவிடர் குடியிருப்புகளுக்காக 1978-ஆம் ஆண்டுச் சட்டத்தில் கையகப்படுத்திக் கொடுத்த மனைகளில் இது இன்னும் அதிகம். தாள் இவர் கையில், நிலம் பழைய உடைமையாளர் கையில். உட்பிரிவு செய்து, புலப்படத்தில் ஏறி, கிராமக் கணக்கில் ஏறி, நில அளவர் வந்து கல் நட்டால்தான் ஒப்படை முழுமையாகும். பட்டா வாங்கிய கையோடு "அளந்து காட்டுங்கள்" என்று அடுத்த மனுவையும் எழுதிக் கொடுத்து அனுப்புகிறேன். நிபந்தனைகளையும் உரக்கப் படித்துக் காட்டுவேன். நிபந்தனைக் காலம் முடியும்முன் விற்றால் ஆணை ரத்தாகும், நிலம் அரசுக்கே திரும்பும். கலியாணச் செலவுக்கு வெள்ளைத் தாளில் எழுதிக் கொடுத்துவிட்டு, ஒன்பதாவது ஆண்டில் அழுதுகொண்டு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

அடுப்பில் தாளைப் போட்ட அந்த வீட்டுக்கு வருகிறேன். எரிந்தது குடும்பத்தின் பிரதி. அரசின் பிரதி எரியவில்லை. பி மெமோக் கணக்கு கிராமத்திலும் வட்டத்திலும் இருந்தாக வேண்டும். அந்த ஊர் முன்பு சங்கராபுரம் வட்டம், இப்போது வாணாபுரம். இரண்டு இடத்திலும் ஃபசலி வாரியாகத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டிருக்கிறோம். ஒன்பது ஃபசலிக்கு நகல் வந்துவிட்டது. அந்த அம்மாளின் மாமியார் பெயரில் ஒரு பழைய பி மெமோ இருந்தது. அதைக் காட்டியபோது அந்தப் பெயரை விரலால் தடவிப் பார்த்தார்.

அ பதிவேட்டில் கல்லாங்குத்து என்று இருக்கிறது. நல்லதுதான். ஆனால் புலப்படத்தில் தெற்கு ஓரமாக இரட்டைப் புள்ளிக்கோடு ஒன்று போகிறது. வண்டிப்பாதை. அது வீட்டுக்கு வெளியே போகிறதா, சமையற்கட்டுக்குள் நுழைகிறதா என்று தாளைப் பார்த்துச் சொல்ல முடியவில்லை. நாளைக் காலை முதல் பேருந்தில் போய், பகண்டை கூட்டுரோட்டில் இறங்கி, வெயில் ஏறுவதற்குள் நாடாவைப் பிடித்துப் பார்த்துவிட வேண்டும். மறுமுனையைப் பிடித்துக்கொள்ள அவர் மகன் வருவதாகச் சொல்லியிருக்கிறான்.